ரெண்டு பேரும் அவுகதான்

குடி தங்கச்சி, யோசிக்காத. உப்புக் கரிக்காது. கடலு அந்தா பத்து எட்டுல கெடக்கு, அதுல கைய நனைச்சு வாயில வச்சா நாக்கு எரியும். இங்கன மண்ணக் கையால பறிச்சாப் போதும், இந்தத் தண்ணி ஊறும். ம், இனிக்குதுல்ல? பரமக்குடிப் பக்கமிருந்து வாரவுக எல்லாரும் உன்னைய மாதிரித்தான் டம்ளரையும் கடலையும் மாறி மாறிப் பாப்பாக.

உன் புருசன் பையைத்தான வாங்க வந்த, இந்தா, மொதல்ல அதைப் பிடி. ரெண்டு சட்டை, ஒரு கைலி, துண்டு, பர்சு. முருகன் படம் ஒண்ணு சட்டைப் பையில இருந்துச்சு, அதையும் உள்ள வச்சிருக்கேன். தொவைச்சுத்தான் மடிச்சேன். உப்புத்தண்ணி பட்ட துணி, அப்படியே குடுக்க மனசு வரல.

அழுதுக்க. இங்கன யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாக.

ராமேஸ்வரத்துக்குப் போற வேனு அஞ்சு மணிக்குத்தான். இப்பத்தான ரெண்டாகுது. உக்காரு. பாயி இருக்கு, சுவத்துல சாஞ்சுக்க. உன் பேரு ராமலெட்சுமிதான? நான் அனிட்டா. எங்க மதினி ஒருத்தி இருக்கா, லீமாரோஸ். எங்கூடப் பொறந்த அண்ணன் வேதமுத்தோட பொஞ்சாதி. அவ கதைய உங்கிட்ட சொல்லணும்னு நெனச்சேன். ஏன்னா கேக்குற? கேளு, பெறகு தெரியும்.

இந்த நெலத்தப் பாரு. வடக்க கெடக்கிறது பொம்பளக் கடலு, தெக்க ஆம்பளக் கடலு. இன்னைக்குத் தெக்க எப்படிக் குதிக்குது, காது அடைக்குது. இந்தப் பக்கம் திரும்பு, கொளம் மாதிரி அசையாமக் கெடக்கு. நடுவுல நம்ம உக்காந்திருக்கோம். புயலும் இருக்கு, அமைதியும் இருக்கு, ஒரே நேரத்துல. எது நெசம்னு கேட்டா என்ன சொல்லுவ?

இந்தக் கரையில எதுவும் ஒத்தையா நிக்காது தங்கச்சி. ஒண்ணு இருந்தா, அதுக்கு எதிரு எதுவோ அதுவும் கூடவே இருக்கும். ரெண்டையும் ஒத்துக்கிறணும். ஒண்ண வேணாம்னு தள்ளுனா மத்ததும் நிக்காது, போயிரும். உங்க ஊருக் கண்மாயில தண்ணி இருந்தா இருக்கு, இல்லைன்னா இல்ல. இங்கன அப்படி இல்ல. இதை யாரும் எங்களுக்குச் சொல்லிக் குடுக்கல. காத்து எந்தப் பக்கம் அடிக்குதுன்னு தெரியிற மாதிரி தெரியும், அம்புட்டுத்தான்.

சிரிக்கணும்னா சிரிச்சுக்க. நானும் ஒரு காலத்துல இதை வாயளவுல சொல்லிக்கிட்டுத் திரிஞ்சவதான். தலைக்கு வந்தப்பத்தான் தெரிஞ்சுச்சு.

ஆறு வருசமாச்சு. எங்க அண்ணனும் எங்க வீட்டுக்காரரு ஆன்டோவும் ஒரே வல்லத்துல மீன் பிடிக்கப் போவாக. மச்சான் மச்சினன், ஒண்ணுக்குள்ள ஒண்ணு. அன்னைக்கு முனைக்குப் பக்கத்துல, ரெண்டு கடலும் மோதுற எடத்துல, வல்லம் கவுந்துருச்சு. மூணாம் நாளு ரெண்டு பேரையும் அலை கொண்டாந்து போட்டுச்சு. ஆமா, ரெண்டு பேரும்தான். நான்தான் எங்க வீட்டுக்காரரக் குளிப்பாட்டுனேன். எடது கைப் பெருவிரல்ல தூண்டி கிழிச்ச தழும்பு இருக்கும், அதைத் தடவிப் பாத்தேன். நெத்தியில முத்தம் குடுத்தேன். பனிக்கட்டி மாதிரி இருந்துச்சு. லீமாவும் அவ புருசனுக்கு எல்லாம் செஞ்சா. பாதர் வந்து பூசை வச்சு, கல்லறைத் தோட்டத்துல பக்கத்துப் பக்கத்துக் குழியில வச்சோம். மண்ணு போட்டுச் சிலுவை நட்டுட்டு வந்தோம்.

எட்டு நாளு கழிச்சு, காலையில பதினோரு மணி இருக்கும். வெயிலு சுள்ளுன்னு அடிக்குது. நாங்க ஏழெட்டுப் பொம்பளைக மணல்ல கருவாடு காயப்போட்டுக்கிட்டு இருக்கோம். முனைப் பக்கமிருந்து ரெண்டு ஆளுக நடந்து வாராக. தூரத்துலயே எனக்கு நடை தெரிஞ்சுபோச்சு. எங்க வீட்டுக்காரரு வலது காலை லேசா இழுத்து வைப்பாக.

யாரும் கத்தல தங்கச்சி. அதைத்தான் இன்னைக்கு வரைக்கும் நெனச்சுப் பாப்பேன். ஒரு பொம்பள கூடக் கத்தல. எல்லாரும் எந்திரிச்சு நின்னு முக்காட்டப் போட்டுக்கிட்டு, எங்க ரெண்டு பேரு மொகத்தையும் பாத்தாக. இவளுக என்ன செய்யப் போறாளுகன்னு.

ஆவியா? இல்ல. ஆவின்னா பயந்து ஓடிட்டு விட்டுறலாமே. மேலு சுட்டுச்சு, வேர்வை நாத்தம் அடிச்சுச்சு, ஒதடு வெடிச்சுப் பசியில கெடந்தாக. அப்ப குழிக்குள்ள கெடக்கிறது யாருன்னு கேக்குறியா? அதுவும் அவுகதான். அது பொய்யி இல்ல, இதுவும் பொய்யி இல்ல. பாதரே சொன்னாரு, அடக்கம் பண்ணுனதும் நான்தான், ஞாயித்துக்கிழமை பூசையில அவனுகளுக்கு நன்மை அப்பம் குடுக்கப் போறதும் நான்தான், ஆண்டவரு கேட்டா நான் பதில் சொல்லிக்கிறேன்னு. சர்க்காருக்குத்தான் இது புரியாது. ரேஷன் கார்டுல எடுத்த பேரு எடுத்ததுதான்.

லீமா என்ன பண்ணுனா தெரியுமா? கையில இருந்த கருவாட்டக் கீழ போட்டா, பாவாடையில கையத் தொடச்சா, நேரா அண்ணன் முன்னால போயி, சாப்பிட்டீகளான்னு கேட்டா. வேற ஒரு வார்த்தை கேக்கல. கையப் பிடிச்சு வீட்டுக்குக் கூட்டிட்டுப் போனா.

நான் வீட்டுக்கு ஓடி வந்து கதவச் சாத்திக்கிட்டேன்.

என்னால முடியல. தழும்பத் தடவுன விரலு இது, முத்தம் குடுத்த வாயி இது. மண்ணுக்குள்ள வச்சவரு வாசல்ல நின்னா நான் எதை நம்புறது? அவுக வாசல்ல நிக்கல, அந்தா அந்தக் கவுத்துப் போட்ட வல்லத்து நெழல்ல உக்காந்தாக. ஒம்பது நாளு. லீமாதான் சோறு கொண்டுபோயிக் குடுத்தா. எங்கிட்டயும் வந்து, தொறடி அனிட்டா, தொறந்து பேசுடின்னு கெஞ்சுனா. ஒம்பதாம் நாளு சாயங்காலம் அவுகளே கதவுகிட்ட வந்தாக. மெதுவாத்தான் பேசுனாக. அனிட்டா, உங்கிட்ட ஒண்ணும் கேக்கல, ஒருக்கா என்னையப் பாரு, போதும். அம்புட்டுத்தான். நான் உள்ளருந்து சொன்னேன், எங்க வீட்டுக்காரர நான் மண்ணுக்குள்ள வச்சுட்டேன், நீங்க யாருன்னு எனக்குத் தெரியாது.

மறுநாளு அவுக இல்ல.

சரி, போனது போகட்டும், குழியில இருக்கிறவராவது நமக்கு மிச்சம்னு மெழுகுவத்தி எடுத்துட்டுக் கல்லறைக்குப் போனேன். மண்ணு மேடு இல்ல. தரையோட தரையா கெடக்கு. சிலுவை மட்டும் நிக்குது, அதுல எழுதுன பேரக் காணோம். கோயில் ஆளுகள விட்டுத் தோண்டச் சொன்னேன். பெட்டி இருந்துச்சு. நான் போத்தி விட்ட பட்டுத்துண்டு மடிச்சது மடிச்சபடி இருந்துச்சு. வேற ஒண்ணும் இல்ல.

அதுக்குப் பெறகு ஒண்ணொண்ணா போயிருச்சு. கல்யாண ஆல்பத்தப் பொரட்டுனா நான் மட்டும் மாலையோட நிக்கிறேன், பக்கத்துல சுவரு தெரியுது. அவுக குரலு எப்படி இருக்கும்னு நெனச்சுப் பாத்தேன், வரல. இப்ப உங்கிட்ட சொன்னேன் பாரு, வலது காலை இழுத்து நடப்பாகன்னு, அது எனக்கு ஞாபகம் இல்ல. லீமா சொல்லித்தான் தெரியும். தினமும் ஒருக்கா அவளைச் சொல்லச் சொல்லி மனப்பாடம் பண்ணி வச்சிருக்கேன். நான் விதவையும் இல்ல, கட்டுனவளும் இல்ல.

அன்னைக்குக் கழட்டுனதுதான் இந்த வீட்டுக் கதவு. வரும்போதே பாத்த, ஏன் கதவு இல்லைன்னு கேக்க வாயெடுத்த. ஆறு வருசமா நிலை மட்டும்தான் நிக்குது. அவுக வரமாட்டாகன்னு தெரியும். இருந்தாலும் இன்னொரு கதவு போட எனக்குக் கை வரல.

லீமா கதைக்கு வாரேன். அவளுக்கு மட்டும் லேசா போச்சுன்னு நெனச்சுறாத.

மொத வருசம் அவ ஒரு தப்புப் பண்ணுனா. புருசன் வீட்டுல உக்காந்து சோறு திங்கிறாரு, வலை சிக்கெடுக்கிறாரு, மகளத் தோள்ல தூக்கிட்டுத் திரியிறாரு. பெறகு அந்தக் கல்லறைக்கு எதுக்குப் போகணும்னு நிறுத்திட்டா. மெழுகுவத்தி இல்ல, செபம் இல்ல. கல்லறைத் திருநாளு அன்னைக்கு ஊரே போச்சு, அவ போகல. அந்த வாரமே அண்ணன் கொறைய ஆரம்பிச்சுட்டாரு. எப்படிச் சொல்றது? மெலியல. சோறு போட்டா தட்டுல சோறு கொறையாது, ஆனா தின்னுட்டேன்னு எந்திரிப்பாரு. மணல்ல நடந்தா தடம் பாதிதான் விழும். மக ஹெலன் அப்பாவக் கூப்பிட வாயெடுத்துட்டு, யாரக் கூப்பிட வந்தேன்னு மறந்து நிப்பா. லீமா எங்கிட்ட ஓடி வந்தா. என் மொகத்தப் பாத்தா, சுவத்துல இருந்த வெறும் போட்டோவப் பாத்தா, அப்படியே திரும்பிக் கல்லறைக்கு ஓடுனா. புல்லப் புடுங்கி, மண்ண மேடு கட்டி, அங்கனயே விழுந்து அழுதா. ஒரு வருசமா அழாத அழுகைய எல்லாம் அழுதா. வீட்டுக்குத் திரும்பி வந்தப்ப அண்ணன் சோத்த வழிச்சுத் தின்னுக்கிட்டு இருந்தாரு.

அதுல இருந்து தினமும் போவா. இங்கனதான் வேற வினை வந்துச்சு.

செத்தவருகிட்டப் பேசுறது சுலபம் தங்கச்சி. எதிர்த்துப் பேசமாட்டாரு, குடிக்கமாட்டாரு, கொழம்புல புளி தூக்கலுன்னு தட்டத் தள்ளமாட்டாரு. லீமா அங்கன உக்காந்து, கல்யாணம் ஆன புதுசுல பேசுன மாதிரி பேசுவா. சிரிப்பா கூட. வீட்டுக்கு வந்தா சோத்த வச்சுட்டு மூஞ்சியத் திருப்பிக்கிட்டுப் படுத்துக்குவா. மனசுல இருந்த பாசம் எல்லாம் மண்ணுக்குள்ள இருக்கிறவருக்கே போயிருச்சு. இருக்கிறவருக்கு வேலை செஞ்சா, இல்லாதவரோட குடும்பம் நடத்துனா.

அண்ணன் ஒரு நாளு பின்னாலயே போயி, சப்பாத்திக்கள்ளி மறவுல நின்னு கேட்டுட்டாரு. வீட்டுக்கு வந்து கத்தல. மதினி அடுப்படியில இருந்தா, நானும் இருந்தேன். அவ முன்னால குத்தவச்சு உக்காந்து சொன்னாரு, லீமா, அங்கன அவன்கிட்டப் பேசுறேல்ல, அதுல பாதி எங்கிட்டப் பேசேன்.

அவ அடுப்புல வெறகத் தள்ளிவிட்டா.

ரெண்டு நாளு பொறுத்தாரு. மூணாம் நாளு மத்தியானம், உச்சி வெயில்ல, மம்பட்டியத் தூக்கிட்டுக் கல்லறைக்குப் போயிட்டாரு. ஹெலன் வந்து சொல்லி நாங்க ரெண்டு பேரும் ஓடுனோம். இடுப்பளவு தோண்டிட்டாரு. வேர்த்து ஊத்துது. எவன் அங்கன கெடக்கான்னு நானும் ஒருக்கா பாக்கணும், அவனத் தூக்கிக் கடல்ல விட்டுட்டு வாரேன்னு சொல்லிக்கிட்டே வெட்டுறாரு. நான் போயிப் பிடிக்கப் பாத்தேன். லீமா என் கையப் பிடிச்சு நிப்பாட்டுனா. குழி ஓரத்துல நின்னு சொன்னா, தோண்டுங்க, நான் தடுக்கல. ஆனா அவரை வெளிய எடுத்தா நான் ரெண்டு பேரையும் சேத்துத்தான் பறிகுடுப்பேன். இந்தா நிக்கிறாளே அனிட்டா, இவள மாதிரி.

அவரு என்னையப் பாத்தாரு. பாத்துட்டு, கடைசியா ஒரு வெட்டு வெட்டுனாரு. மம்பட்டி பலகையில பட்டுச்சு. தொம்முன்னு ஒரு சத்தம். அந்தச் சத்தம் குழியில இருந்தும் வந்துச்சு, அவரு நெஞ்சுக்குள்ள இருந்தும் வந்துச்சு. நான் என் காதால கேட்டேன். மம்பட்டியப் போட்டுட்டு நெஞ்சப் பிடிச்சுக்கிட்டு உக்காந்தாரு. பெறகு குனிஞ்சு பலகை மேல காத வச்சாரு. ரொம்ப நேரம் அப்படியே இருந்தாரு, முதுகு வெயில்ல காயுது, அசையல.

மேல ஏறி வந்தவரு மண்ணத் தள்ளி மூட ஆரம்பிச்சாரு. மம்பட்டியால இல்ல, கையால. லீமாவும் எறங்கி அள்ளிப் போட்டா. பாதி மூடுனப்ப சொன்னாரு, பாவம் லீமா அவன், நீயும் வராட்டி அவனுக்கு யாரு இருக்கா.

அதுல இருந்து வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை அவருதான் போயி மெழுகுவத்தி ஏத்துறாரு. மழை பெய்ஞ்சா வீட்டுக்குள்ள உக்காந்திருக்கிறவருக்கு ஒடம்பு வெடவெடன்னு நடுங்கும், அதனால லீமா கல்லறை மேல ஒரு தார்ப்பாயக் கட்டி விட்டிருக்கா. கல்லறைத் திருநாளுக்கு மூணு பேருமா போவாக. எல்லாரும் செத்துப்போனவுகளுக்கு வேண்டுறப்ப அண்ணனும் கையக் கூப்பி நிப்பாரு. யாருக்கு வேண்டுறாருன்னு நான் கேட்டதில்ல. லீமா அங்கன அழுவா. வீட்டுக்கு வந்தா அண்ணன்கிட்டப் பேசுவா, சண்டை கூடப் போடுவா. சண்டை போட ஆரம்பிச்சப்பத்தான் எனக்கு நிம்மதியாச்சு.

சந்தோசமா இருக்காளான்னு கேக்குற. முழுச் சந்தோசம் கெடையாது. சிரிச்சுக்கிட்டு இருக்கும்போதே கல்லறைப் பக்கம் கண்ணு போயிரும். ஆனா முழுத் துக்கமும் அவளுக்குக் கெடையாது. உலகத்துல எல்லாரும் ஒண்ணு பறிகுடுத்தா அழுது முடிச்சுட்டு எந்திரிப்பாக. அவளுக்கு அழுது முடியாது. அண்ணன் இன்னைய வரைக்கும் பாம்பன் பாலத்தத் தாண்டுனதில்ல. பழைய பாலத்துலயும் போகல, புதுப் பாலத்துலயும் போகல. தாண்டுனா என்னாகும்னு யாருக்கும் தெரியாது, அவரும் போயிப் பாக்கல.

இல்ல, வேனுக்கு இன்னும் நேரம் இருக்கு. உக்காரு.

நீயும்தான் எல்லாம் செஞ்ச. கேள்விப்பட்டேன். உங்க ஊருச் சுடுகாட்டுல எரிச்சு, பால் ஊத்தி, சாம்பல எடுத்து, பொட்ட அழிச்சு, வளையல ஒடைச்சு, எல்லாம் மொறையா நடந்திருக்கும். அது எதுவும் பொய்யின்னு நான் சொல்ல வரல. நல்லாக் கேட்டுக்க, அது பொய்யி இல்ல. எரிஞ்சது உன் புருசன்தான். தினமும் படத்துக்கு வெளக்கு ஏத்து, திதி குடு, அதை எந்தக் காலத்துலயும் நிறுத்திறாத. பொட்டு வச்சுக்கன்னு சொல்ல மாட்டேன், வைக்காதன்னும் சொல்ல மாட்டேன். அதை நீதான் பாத்துக்கிறணும். உன் மாமியா பைத்தியம்னு சொல்லும், சொந்தக்காரவுக வேற மாதிரியும் பேசுவாக. வாரத்துல ரெண்டு நாளு இங்கன வந்து இருக்கணும்னாலும் இரு, ஒரேயடியா வந்துறணும்னாலும் வா. இந்த வீட்டுல எடம் இருக்கு. இல்ல, என்னால ஆகாதுன்னா அதையும் இப்பவே மனசுக்குள்ள முடிவு பண்ணிக்க, ஒம்பது நாளு ஒரு மனுசன இழுத்தடிக்காத.

எந்திரிக்காத, எந்திரிக்காத. முழுசாக் கேட்டுட்டு எந்திரி.

உன் புருசன் தவசித் தம்பி எங்க ஆளுகளோட சேந்து முனையிலதான வலை விட்டுச்சு. போன மாசம் கடலு கொண்டுபோச்சு, ஒடம்ப உங்க ஊருக்கு அனுப்பி வச்சோம். செவ்வாக்கெழமை காலையில நடந்து வந்துச்சு. கண்ணு ரெண்டும் செவந்து, காலெல்லாம் சிப்பி கிழிச்சு. இந்த வீட்டுக்குத்தான் கதவு இல்லையே, நேரா உள்ள வந்து படுத்துக்கிருச்சு. மீன் கொழம்பு வச்சுக் குடுத்தேன், தொடல. ராமலெட்சுமி வைக்கிற மாதிரி சுண்டைவத்தல் போட்டுப் புளிக்கொழம்பு வைக்கத் தெரியுமாக்கான்னு கேட்டுச்சு. எனக்கு எங்க தெரியும்? உன் போன் நம்பரு மனப்பாடமா சொல்லுச்சு, அதான் பையைச் சாக்கு வச்சுக் கூப்பிட்டேன்.

பின்னால சவுக்கு மரத்தடியிலதான் உக்காந்திருக்கு. நீ வந்தது தெரியும். நான் கூப்பிடுற வரைக்கும் வராதன்னு சொல்லி வச்சிருக்கேன். சுண்டைவத்தல் வாங்கி வச்சிருக்கேன், புளியும் கரைச்சாச்சு. அடுப்பு அந்தா இருக்கு.